ஒரு ஆட்டத்துக்கா நாலு மாசம்?

அன்புள்ள ஐயாவுக்கு,

வணக்கம். நான் காரைக்குடியில் ஒரு கல்லூரியில் பி.எஸ்ஸி. மூன்றாம் வருடம் படிக்கிறேன். ஊர் கல்லல் பக்கம். என் பெயரும் கல்லூரியின் பெயரும் வேண்டாம். மஞ்சுவிரட்டைப் பற்றியும் ஆத்தங்குடிக் கல்லைப் பற்றியும் நீங்கள் எழுதியதை வாசித்திருக்கிறேன். ஏதோ ஒரு கட்டுரையில் போகிறபோக்கில் "நானும் காலேஜில் பந்து விளையாடியவன்தான்" என்று ஒரு வரி வரும். அந்த வரியை நம்பித்தான் இதை எழுதுகிறேன்.

எங்கள் கல்லூரியில் பெண்கள் கால்பந்து அணி தொடங்கி மூன்று வருடம்தான் ஆகிறது. நான் ஸ்டாப்பர் பேக், கோலுக்கு முன்னால் நடுவில் நின்று தடுக்கிறவள். இந்த வருடம் கேப்டனும் நான்தான். ஜூன் கடைசியில் ப்ராக்டீஸ் ஆரம்பித்தோம். தினமும் நாலரையிலிருந்து ஆறே கால் வரை. ஆறரை டவுன் பஸ்ஸை விட்டால் அப்புறம் ஊர் போய்ச் சேர முடியாது. பதினாறு பேரில் பதினோரு பேர் பள்ளிக்கூடத்தில் பந்தையே தொடாதவர்கள். கபடியும் கோகோவும் ஆடிக்கொண்டிருந்தவர்களைக் கெஞ்சிக் கூட்டிவந்தேன்.

அக்டோபர் தொடக்கத்தில் இன்டர்-காலேஜ் போட்டி. நாக்-அவுட், தோற்றால் வெளியே. முதல் ஆட்டம் கடைசி வரை 0-0. டைபிரேக்கரில் அணிக்கு நான்கு பெனால்டி அடித்து மூன்று மூன்று கோல் என்று சமம். அவர்கள் ஐந்தாவதைப் போட்டுவிட்டார்கள். எங்களுக்கு ஐந்தாவது நான். பந்து பாரில் பட்டு மேலே போய்விட்டது. அவ்வளவுதான், மூட்டையைக் கட்டிக்கொண்டு வந்துவிட்டோம்.

அன்று ராத்திரி அப்பத்தா கேட்டது, "ஒரு ஆட்டத்துக்காத்தா நாலு மாசம் மண்ணுல பொரண்ட?" திட்டவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டது. எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அமெரிக்காவில் இருக்கிற பெரியப்பா மகன், அங்கே காலேஜ் ஃபுட்பால் சீசன் வந்தால் ஊரே வேறு வேலை பார்க்காது என்கிறான். எங்களுக்கு நடந்ததையும் சீசன் என்று சொல்லலாமா? ப்ராக்டீஸுக்கு யார் வந்தார்கள், என்ன செய்தோம் என்று தினமும் ஒரு நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன். மொத்தம் 61 நாள். மார்ச்சோடு கல்லூரி முடிகிறது. அந்த நோட்டை என்ன செய்வதென்றும் தெரியவில்லை.

இப்படிக்கு,
ஒரு வாசகி

*

அன்புள்ள வாசகிக்கு,

உங்கள் கடிதத்தில் எனக்கு மிகவும் பிடித்தது அப்பத்தாவின் கேள்விதான். அதைச் சமாளித்து அனுப்பாமல் கணக்காகவே போட்டுப் பார்த்தேன். 61 நாள், நாளைக்கு ஒன்றே முக்கால் மணி நேரம். நூற்றாறே முக்கால் மணி நேரம் வருகிறது. ஆடியது ஒன்றரை மணி நேரம். அப்பத்தா கேட்டதில் தப்பே இல்லை. வட்டிக்கடைக்காரர்கள் வாழ்ந்த சீமையில் பிறந்த மனுஷி, முதலையும் வரவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கத்தான் செய்யும்.

அமெரிக்க அண்ணனை முதலில் அனுப்பிவிடுவோம். அவர் சொல்கிற ஃபுட்பால் வேறு. பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு ஓடுகிற ஆட்டம். அங்கே ஒரு பெரிய கல்லூரி அணி, சீசனுக்குப் பன்னிரண்டு ஆட்டம் ஆடுகிறது. அதற்கு மேல் ஆடுவது ஜெயிப்பதைப் பொறுத்தது. மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் ஸ்டேடியத்தில் 1,07,601 பேர் உட்காரலாம். 2011 கணக்கெடுப்பில் காரைக்குடியின் மக்கள்தொகை 1,06,714. அதாவது கைக்குழந்தை முதல் கட்டிலோடு கிடக்கிற கிழம் வரை நம் ஊர் மொத்தமும் போய் உட்கார்ந்தாலும் எண்ணூற்றுச் சொச்சம் இருக்கை காலியாக இருக்கும். அதையும் உங்கள் பொட்டலையும் ஒப்பிடவே வேண்டாம்.

சீசன் என்று சொல்லலாமா என்றால், தாராளமாகச் சொல்லலாம். நமக்கு அந்தச் சொல் குற்றாலத்திலிருந்து வந்தது. சாரல் தப்பிய வருடத்திலும் "இந்த வருசம் சீசன் சரியில்லை" என்றுதான் சொல்கிறோம். சீசனே வரவில்லை என்று யாரும் சொல்வதில்லை, குளிக்கப் போகாமல் இருப்பதுமில்லை.

என் சீசனைச் சொல்கிறேன். 1991. நான் பி.ஏ. வரலாறு இரண்டாம் வருடம். அழகப்பா பல்கலைக்கழகம் 1985-லேயே வந்துவிட்டாலும் எங்கள் கல்லூரி அப்போது மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் கீழ்தான் இருந்தது. சிவகங்கை, ராமநாதபுரம் கல்லூரிகளெல்லாம் அழகப்பாவின் கீழ் வந்தது பிறகுதான். அதனால் எங்களுக்கு இன்டர்-காலேஜ் என்றால் கடைசியில் மதுரைக்காரர்களோடு மோத வேண்டும். அந்தப் பயம் ஜூன் மாதமே ஆரம்பித்துவிடும்.

எங்கள் கிரவுண்டும் உங்களுடையதைப் போலத்தான் இருந்திருக்கும். மேலே கொஞ்சம் செம்மண், கீழே செம்பூராங்கல். விழுந்தால் சரளை முழங்காலைச் சீவிவிடும். சீவிய இடத்தில் பொருக்கு கட்டும், மறுநாள் அதே இடத்தில் மறுபடி விழுவோம். போஸ்ட் சவுக்குக் கம்பு. இரண்டை நட்டு, மூன்றாவதைக் குறுக்கே வைத்துத் தேங்காய்நார்க் கயிற்றால் கட்டியிருக்கும். வலை கிடையாது. கோலுக்குப் பின்னால் இருபதடி தள்ளி சீமைக் கருவேலங்காடு.

அந்தக் கருவேலங்காட்டைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். எங்கள் ஆட்டத்தை வளர்த்ததும் கெடுத்ததும் அதுதான். ஓங்கி அடித்த பந்து கோலைத் தாண்டினால் முள்ளில் போய் உட்காரும். அடித்தவன்தான் எடுத்துவர வேண்டும் என்பது சட்டம். பஞ்சர் ஆகியிருந்தால் அன்றைய ஆட்டம் அதோடு முடிந்தது. தையலைப் பிரித்து பிளாடரை வெளியே எடுத்து, சைக்கிள் கடையில் ஒட்டுப் போட்டு, பஸ் ஸ்டாண்டு எதிரில் செருப்புத் தைப்பவரிடம் கொடுத்துத் திரும்பத் தைத்து வாங்க வேண்டும். காசு அடித்தவனுடையது. கல்லூரியில் அணிக்குக் கொடுத்ததே இரண்டு பந்து. இதனால் என்ன ஆயிற்றென்றால், எங்கள் ஃபார்வர்டுகள் ஒருவனும் தூரத்திலிருந்து அடிக்க மாட்டான். கோலிக்கு, அதாவது கோல்கீப்பருக்கு, மூன்றடி முன்னால் வரை பந்தைக் காலிலேயே வைத்து உருட்டிவந்து, மெதுவாக உள்ளே தள்ளிவிடுவான். பார்க்க அழகாக இருக்கும். நாங்களும் இதுதான் நம்ம ஸ்டைல் என்று நினைத்துக்கொண்டோம். பஞ்சர் காசுக்குப் பயந்து வந்த ஸ்டைல் அது என்பது மதுரைக்குப் போகும்வரை எங்களுக்குத் தெரியாது.

கோலி சிராவயல் பக்கத்துப் பையன். தை மூன்றாம் நாள் மஞ்சுவிரட்டுப் பொட்டலில் இறங்குகிறவன். பந்தைக் கையால் பிடிக்க மாட்டான். திமிலை அணைப்பதுபோல நெஞ்சோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு கீழே உருளுவான். இடது ஓரத்தில் ஆடும் லெஃப்ட் அவுட் புதுவயல்காரன், ராத்திரி ரைஸ்மில்லில் வேலை. கிரவுண்டுக்கு வரும்போது தலைமுடியில் உமி இருக்கும். பி.டி. சார் பூப்பந்து ஆட்டக்காரர், கால்பந்து அவருக்குத் தெரியாது. தெரியாததைத் தெரிந்த மாதிரி காட்டிக்கொள்ளாத நல்ல மனிதர். அவருக்குத் தெரிந்தது ஓட்டம். கோவிலூர் வரை ஓடிப் போய்த் திரும்ப வேண்டும். சைக்கிளில் பின்னாலேயே வருவார்.

முதல் ஆட்டம் வாக்-ஓவர். எதிரணியின் வேன் வந்து சேரவே இல்லை. முக்கால் மணி நேரம் ஜெர்சியோடு வெயிலில் நின்றோம். ரெஃப் விசில் ஊதினார், ஜெயித்துவிட்டோம். வரிசையாக நின்று ஒரு படம் எடுத்துக்கொண்டோம். எங்களிடம் உள்ள ஒரே அணிப் படம் அதுதான். முகத்தில் வேர்வை இருக்கிறது, ஆனால் விளையாடி வந்த வேர்வை இல்லை. இரண்டாவது ஆட்டம் 2-1. இரண்டு கோலையும் புதுவயல்காரன்தான் போட்டான். அதைப் பற்றிச் சொல்ல வேறொன்றும் இல்லை, ஜெயித்த ஆட்டம் அவ்வளவாக நினைவில் நிற்பதில்லை.

மூன்றாவது மதுரையில். விடிகாலை அஞ்சு மணி பஸ். திருப்பத்தூர், மேலூர் வழி. மேலூரில் இறங்கி இட்லி சாப்பிட்டோம். அங்கேதான் பூட்ஸ் பிரச்சினை எழுந்தது. பூட்ஸ் இல்லாமல் இறக்க மாட்டார்கள் என்று சொல்லியிருந்ததால் இன்னொரு கல்லூரியின் ஹாஸ்டல் பையன்களிடம் இரவல் வாங்கிவந்திருந்தோம். பதினோரு ஜோடி இருந்தது, சைஸ் பொருந்தியது நாலு பேருக்குத்தான். மற்றவர்கள் விரல் முனையில் பஞ்சை அடைத்துக்கொண்டார்கள். நான் ரைட் பேக். என் இடது பூட்ஸும் வலது பூட்ஸும் வெவ்வேறு அளவு.

மைதானத்தில் புல் இருந்தது. புல்லில் பந்து ஓடுவதில்லை, நாம் விட்ட இடத்திலேயே நின்றுவிடுகிறது. எங்கள் பொட்டலில் தட்டிவிட்டால் தானாகப் போய்ச் சேருகிற பாஸெல்லாம் பாதி வழியில் உட்கார்ந்துகொண்டது. மதுரைக்காரர்கள் வெகு தூரத்திலிருந்தும் அடித்தார்கள். அவர்களுக்குக் கோலுக்குப் பின்னால் முள்ளுக்காடு இல்லையே. முதல் கோல் விழுந்தபோது 'சரக்' என்று ஒரு சத்தம் கேட்டது. எங்கள் கோலி எழுந்து, பந்தைப் பார்க்காமல் வலையைப் பார்த்தான். நாங்களும் பார்த்தோம். கோல் விழுந்தால் சத்தம் வரும் என்பது எங்களில் பாதிப் பேருக்கு அன்றுதான் தெரியும். அந்தச் சத்தத்தை இன்னும் மூன்று தடவை கேட்டோம். 4-0. நடுவில் கோலி என்னிடம் ஓடிவந்து, "அண்ணே, இந்த கோலு பெருசா இருக்குண்ணே" என்றான். வாயை மூடிக்கொண்டு நில்லுடா என்று திட்டினேன். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வருகிறேன்.

ஆக, என் சீசன் இரண்டு ஆட்டம், 180 நிமிடம். உங்களைவிட ஒரு ஆட்டம்தான் கூடுதல்.

இப்போது அப்பத்தாவின் கேள்விக்கு வருகிறேன். நாலு மாசம் உழைத்து ஒரே ஆட்டத்தோடு திரும்பிவந்ததற்கு நீங்கள் அடித்த பந்து காரணமில்லை. போட்டியை நாக்-அவுட் என்று வைத்ததுதான் காரணம். பதினாறு அணி இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். நாக்-அவுட்டில் மொத்தம் பதினைந்து ஆட்டத்தில் எல்லாம் முடிந்துவிடும். அதில் எட்டு அணிக்கு ஒரே ஆட்டம். சரிபாதிப் பேர் முதல் ஆட்டத்திலேயே வீட்டுக்குப் போயாக வேண்டும் என்பது பந்து உருளும் முன்பே எழுதப்பட்டுவிட்டது. யார் அந்த எட்டு என்பதை மட்டும்தான் நீங்கள் ஆடித் தீர்மானிக்கிறீர்கள். உங்கள் தலைமுறையே கபடியிலிருந்தும் கோகோவிலிருந்தும் வந்த தலைமுறை. ஆட ஆடத்தான் ஆட்டம் வரும். ஆட்டம் கற்றுக்கொள்ள வேண்டிய அணிக்குத்தான் இந்த முறையில் ஆட்டமே கிடைப்பதில்லை. நன்றாக ஆடுகிற அணிக்கு நாலு ஆட்டம்.

எல்லோரும் எல்லோரோடும் மோதும் முழு லீக் வைத்தால் பதினாறு அணிக்கு 120 ஆட்டம் வரும். அது நடக்காது, அதைக் கேட்கவும் கூடாது. மைதானம் வேண்டும், ரெஃபுகள் வேண்டும், பஸ் செலவு, சாப்பாடு. செமஸ்டருக்குத் தொண்ணூறு வேலை நாள், அதில் 75 சதவீத அட்டெண்டன்ஸ். ஆடப் போன நாளையும் வந்ததாகக் கணக்கிடும் ஓ.டி. கையெழுத்துக்கு டிபார்ட்மென்ட் வாசலில் நின்ற அனுபவம் உங்களுக்கும் இருக்கும். எனக்கு ஒரு பேராசிரியர் கடைசி வரை கையெழுத்துப் போடவில்லை. "பந்து அடிச்சா சோறு போடுமா" என்றார். அட்டெண்டன்ஸ் குறைந்ததற்குக் கண்டோனேஷன் பணம் கட்டித்தான் பரீட்சை எழுதினேன். அதை விடுங்கள்.

ஆனால் நடுவில் ஒரு வழி இருக்கிறது. பதினாறை நாலு நாலாகப் பிரிக்க வேண்டும். பக்கத்துப் பக்கத்துக் கல்லூரிகள் ஒரே குழுவில். காரைக்குடியும் தேவகோட்டையும் ஒரு குழு என்றால் டவுன் பஸ்ஸிலேயே போய் ஆடிவிட்டு வந்துவிடலாம். ஒரு குழுவுக்கு ஆறு ஆட்டம், நாலு குழுவுக்கு இருபத்துநாலு. குழுவில் முதலாவதாக வரும் நாலு அணிகளுக்கு இரண்டு செமி, ஒரு ஃபைனல். மொத்தம் 27. நாக்-அவுட்டைவிடப் பன்னிரண்டே பன்னிரண்டு ஆட்டம்தான் கூடுதல். அதற்குள் எல்லா அணிக்கும் குறைந்தது மூன்று ஆட்டம் கிடைத்துவிடுகிறது. இது என் கண்டுபிடிப்பு ஒன்றும் இல்லை. மதுரை சேது எஃப்.சி. 2019-ல் இந்தியப் பெண்கள் லீக்கை வென்றதே, அந்தத் தொடர் இப்படித்தான் நடந்தது. பன்னிரண்டு அணி, இரண்டு குழு. ஒவ்வோர் அணிக்கும் குறைந்தது ஐந்து ஆட்டம். ஃபைனலில் மணிப்பூர் போலீஸ் அணியை 3-1 என்று ஜெயித்தார்கள். அதற்கு முந்தின வருடம் தமிழ்நாட்டுப் பெண்கள் அணி தேசிய சாம்பியன்ஷிப்பில் மணிப்பூரையே தோற்கடித்திருந்தது. பெண்கள் கால்பந்தில் மணிப்பூரை ஜெயிப்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

இதில் வெறும் ஆட்டம் மட்டும் இல்லை, சான்றிதழும் இருக்கிறது. இன்டர்-காலேஜில் ஆடுகிறவர்களைப் பார்த்துத்தான் பல்கலைக்கழக அணியை எடுக்கிறார்கள். அந்த அணிக்காகப் பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான போட்டியில் ஆடினால் மூன்றாம் படிவச் சான்று. தமிழ்நாட்டில் அரசு வேலையில் விளையாட்டுக்காரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது. கல்லல் பக்கத்துப் பெண் ஒருத்திக்கு அந்தத் தாள் என்ன தாள் என்பது உங்கள் அப்பாவுக்குப் புரியும். முதல் ஆட்டத்தில் தோற்ற அணியின் ஸ்டாப்பர் பேக்கைத் தேர்வாளர்கள் ஒன்றரை மணி நேரம்தான் பார்த்திருப்பார்கள். அந்த ஒன்றரை மணி நேரத்தில் எதிரணி உங்களைத் தாண்டி ஒரு கோல்கூடப் போடவில்லை என்று நீங்கள் எழுதியிருப்பதிலிருந்தே தெரிகிறது. அதை யாராவது குறித்துக்கொண்டார்களா, தெரியவில்லை. டைபிரேக்கரை மட்டும் எல்லோரும் குறித்திருப்பார்கள்.

டைபிரேக்கரைப் பற்றி ஒரு பத்தி எழுதாவிட்டால் நீங்கள் விடமாட்டீர்கள். இந்த முறை விதியில் சேர்ந்தது 1970-ல். அதற்கு முன் பல போட்டிகளில் ஆட்டம் சமமாக முடிந்தால் காசு சுண்டிப் பார்த்தார்கள். 1968 ஐரோப்பியக் கோப்பை அரையிறுதியில் சோவியத் யூனியனை இத்தாலி பூவா தலையாவில்தான் ஜெயித்தது. அதைவிட உங்களுக்கு நடந்தது பரவாயில்லை, உங்கள் காலாலாவது தோற்றீர்கள். ஆறுதலுக்கு ஒரு பெயர் சொல்வதென்றால் சைலன் மன்னாவைச் சொல்வேன். 1948 லண்டன் ஒலிம்பிக்கில் இந்திய அணியில் பெரும்பாலோர் வெறுங்காலோடுதான் ஆடினார்கள். பிரான்சிடம் 2-1 என்று தோற்றோம். நமக்குக் கிடைத்த இரண்டு பெனால்டியும் வீணாயின, அதில் ஒன்றைத் தவறவிட்டவர் மன்னா. 1951-ல் டெல்லி ஆசிய விளையாட்டில் தங்கம் வாங்கிய அணிக்கு அவர்தான் கேப்டன். அந்த 1948 ஆட்டத்தில் நம் அணியின் ஒரே கோலைப் போட்டவர் பெங்களூர்க்காரரான சாரங்கபாணி ராமன். ஒலிம்பிக் கால்பந்தில் இந்தியாவின் முதல் கோல். கடைசிக் கோல் 1960 ரோமில் பெரு நாட்டுக்கு எதிராகச் சைமன் சுந்தரராஜ் போட்டது. முதலும் கடைசியும் நம்ம ஊர்ப் பெயர்களாக இருப்பதை நான் யாரைப் பார்த்தாலும் சொல்வேன், உங்களுக்கும் சொல்லிவிட்டேன்.

பந்து ஏன் பாரில் பட்டது என்பதற்கு என்னிடம் ஒரு ஊகம் இருக்கிறது. போட்டி நடந்த மைதானத்தில் புல் இருந்ததா? இருந்தால் இதுதான் காரணம். நம் சரளைத் தரையில் பந்து ஒட்டி உட்கார்ந்திருக்கும், அடியில் கால் நுழையாது. புல்லில் சற்றுத் தூக்கலாக நிற்கும். பழகின காலை அப்படியே கொண்டுபோனால் பந்துக்கு அடியில் புகுந்து மேலே கிளப்பிவிடும். மதுரையில் எங்களுக்குக் கிடைத்த இரண்டு ஃப்ரீ கிக்கும் அப்படித்தான் ஆகாயத்துக்குப் போயின. புல் இல்லையென்றால் ஊகத்தைக் குப்பையில் போட்டுவிடுங்கள்.

இன்னொன்று. ஆறரை டவுன் பஸ் என்று எழுதியிருந்தீர்கள். 2021 மே மாதத்திலிருந்து அந்த பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை. நீங்கள் அதைப் பெரிதாகச் சொல்லவில்லை, ஆனால் உங்கள் அணியே அந்த பஸ்ஸால்தான் உண்டாயிற்று என்பேன். என் காலத்தில் கல்லூரி விட்டதும் நேரே வீட்டுக்குப் போகாமல் தங்கி விளையாட வேண்டும் என்றால், தினப்படி பஸ் காசை வீட்டில் கேட்டு வாங்கியாக வேண்டும். பையன்களுக்கே அது சண்டை. பெண்ணுக்கு யார் கொடுப்பார்கள்? 61 நாள் பதினாறு பேர் வந்தது உங்கள் கெஞ்சலால் பாதி, அந்த பஸ்ஸால் பாதி.

கடைசியாக அந்த நோட்டு.

எங்கள் அய்யா, அப்பாவைப் பெற்றவர், பினாங்கில் ஒரு வட்டிக்கடையில் அடுத்தாளாக, அதாவது மேலாளுக்கு அடுத்த ஆளாக, இருந்தவர். நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பல் ஏறினால் மூன்று வருடம் கழித்துத்தான் திரும்பி வருவார். அந்தக் கடைகளில் அதுதான் முறை. மூன்று வருடம் ஒரு கணக்கு. கணக்கு முடிந்ததும் வரவு செலவு, பாக்கியெல்லாம் சேர்த்து ஐந்தொகை எடுத்து, எந்தச் சீனன் எவ்வளவு பாக்கி, எவன் ஒழுங்காகக் கட்டுவான், எவன் வாய்தா சொல்வான் என்பது உட்பட எல்லாவற்றையும் அடுத்து வருகிற ஆளிடம் ஒப்படைத்துவிட்டுத்தான் கப்பலேற முடியும். ஒப்படைக்காமல் வந்தவனை ஊரில் மதிக்க மாட்டார்கள் என்பார். கடை நூறு வருடம் நடந்தது, எந்த ஆளும் ஒரு தடவைக்கு மூன்று வருடத்துக்கு மேல் அங்கே இல்லை.

கல்லூரி அணியும் மூன்று வருடக் கணக்குதான். ஆனால் நாங்கள் யாரும் எதையும் ஒப்படைக்கவில்லை. 1993-ல் நான் வெளியே வந்தபோது எனக்குத் தெரிந்ததெல்லாம் என்னோடு வந்துவிட்டது. புல்லில் பாஸை ஓங்கித் தட்ட வேண்டும், பூட்ஸை ஆகஸ்டிலேயே வாங்கிப் பழக வேண்டும், ஓ.டி. பாரத்தை எந்த டிபார்ட்மென்டில் முதலில் கொடுக்க வேண்டும், இதெல்லாம். எனக்குப் பின்னால் வந்தவர்கள் மறுபடி மதுரைக்குப் போய் மறுபடி 'சரக்' சத்தத்தைக் கேட்டுக் கற்றுக்கொண்டிருப்பார்கள். பி.டி. சாரும் அடுத்த வருடம் மாறிப்போய்விட்டார்.

அதனால் நோட்டை உங்கள் பீரோவில் வைக்காதீர்கள். மார்ச்சுக்குள் இரண்டாம் வருடத்தில் யார் அடுத்த கேப்டனோ அந்தப் பெண்ணிடம் கொடுத்துவிடுங்கள். கொடுப்பதற்கு முன் கடைசியில் நாலு பக்கம் சேர்த்து எழுதுங்கள். யார் எந்த இடத்தில் ஆடலாம், மழை பிடிப்பதற்குள் எதையெல்லாம் முடிக்க வேண்டும், எந்தப் பெண்ணின் வீட்டுக்கு யார் போய்ப் பேசினால் அனுப்புவார்கள். இந்தக் கடைசி விஷயம் எந்தக் கோச்சிங் புத்தகத்திலும் கிடைக்காது. டைபிரேக்கரையும் எழுதுங்கள், யார் யார் எந்தப் பக்கம் அடித்தார்கள் என்று. உங்களுடையதையும் சேர்த்துத்தான். குழு ஆட்டக் கணக்கைத் தனித் தாளில் எழுதி உங்கள் உடற்கல்வி இயக்குநரிடம் கொடுங்கள். அவர்கள் கூட்டத்தில் யாராவது ஒருவர் எழுந்து சொன்னால்தான் இது நகரும். 27 ஆட்டம் என்ற எண்ணை மட்டும் பெரிதாக எழுதிவிடுங்கள்.

அப்பத்தாவிடம் என்ன சொல்வதென்றால், எனக்கென்னவோ ஒன்றும் சொல்ல வேண்டாம் என்றுதான் தோன்றுகிறது. ஒரு நாள் சாயங்காலம் கிரவுண்டுக்குக் கூட்டிக்கொண்டு போங்கள். அந்த பஸ்ஸில் அப்பத்தாவுக்கும் டிக்கெட் கிடையாது.

ஒரு வேலை பாக்கி இருக்கிறது. எங்கள் பழைய அணியில் ஒன்பது பேர் இன்னும் வாட்ஸாப்பில் தொடர்பில் இருக்கிறோம். புதுவயல்காரன் இப்போது சொந்தமாக ரைஸ்மில் வைத்திருக்கிறான். உங்கள் கடிதத்தை அவர்களுக்கு வாசித்துக் காட்டினேன். உங்கள் கிரவுண்டுக்கு ஒரு ஜோடி வலை வாங்கித் தருவதென்று முடிவாகியிருக்கிறது. அதற்கு முன் ஒரு டேப்பை எடுத்துக்கொண்டு போய் உங்கள் போஸ்டை அளந்து எழுதுங்கள். உள்ளளவு அகலம் 24 அடி, உயரம் 8 அடி இருக்க வேண்டும். சவுக்குக் கம்பா இரும்பா என்பதையும் சொல்லுங்கள். மதுரையிலிருந்து திரும்பிவந்த மறுநாள் நாங்கள் கயிறு பிடித்து அளந்தோம். எங்களுடையது 21 அடிதான் இருந்தது.

அன்புடன்.